அப்பா கேட்கச் சொன்னது

இந்நேரம் போய்ச் சேர்ந்திருப்பான். கிணற்றடி தாண்டி, குயவர் தெரு தாண்டி, சந்தைத் திடலுக்குள் நுழைந்து, கூட்டத்தை விலக்கிக்கொண்டு, இல்லை, தெய்னியாஸ் கூட்டத்தை விலக்குகிற ஆள் இல்லை, யாராவது வழி விடுவார்கள் என்று ஓரமாக நிற்பான், அதற்குள் வழக்குப் போட்ட அந்த ஸ்ட்ராத்தோன் முன்னால் போய் நின்றிருப்பான், சின்ன வயதிலிருந்தே அவனுக்கு முழங்கைதான் வாய். லிசில்லா முற்றத்தில் ஒரு பழைய தோலை விரித்து, அதன்மேல் ஆட்டு ரோமத்தைக் கொட்டி, ஒட்டுமுள் பொறுக்க உட்கார்ந்தாள். கழுவிக் காயவைத்த ரோமம். வெயில் இன்னும் சுவரின் பாதிக்குக்கூட இறங்கவில்லை. வேறு எந்த வேலையிலும் இன்று கை ஓடாது என்று தெரிந்தேதான் இதை எடுத்திருந்தாள். முள் பொறுக்க விரல் போதும், மனசு அதன் பாட்டுக்கு எங்கேயாவது போகட்டும். எங்கே போகும், வழக்கு மன்றத்துக்குத்தான் போகும். அவள் கண்ணால் கண்டிராத இடம். பெண்பிள்ளைகள் அங்கே போவதில்லை. நூற்றுக்கணக்கான ஆண்கள் வரிசையாக உட்கார்ந்திருப்பார்களாம், பேசுகிறவனுக்குப் பக்கத்தில் அடியில் துளை போட்ட ஒரு பானையிலிருந்து தண்ணீர் ஒழுகிக்கொண்டிருக்குமாம், தண்ணீர் தீர்ந்தால் பேச்சும் தீர்ந்ததாம். தெய்னியாஸ் சொல்லியிருக்கிறான். அவள் மனதில் அது இந்த வீட்டுச் சமையல்கட்டில் இருக்கிற விரிசல் விட்ட பானையாகத்தான் வருகிறது. அதன் முன்னால் தெய்னியாஸ் நிற்கிறான். தொண்டையைச் செருமிச் செருமியே பாதித் தண்ணீரை வீணாக்கிவிடக்கூடிய தெய்னியாஸ். தன் பெண்டாட்டி லிசில்லா தன்னிடமே இருக்க வேண்டியவள் என்று அந்நியர்களிடம் கேட்டு வாங்கப் போயிருக்கிறான்.

இதில் கேட்டு வாங்க என்ன இருக்கிறது என்று நமக்குத் தோன்றும். ஏதென்ஸ் நகரத்துக்காரர்களுக்கு அப்படித் தோன்றாது. ஒருவன் ஆண்பிள்ளை இல்லாமல் செத்துப்போனால் அவன் நிலமும் வீடும் மகளுக்குச் சேராது, மகளோடு ஒட்டிக்கொண்டு போகும். அவளை யார் கட்டுகிறானோ அவன் வீட்டுக்குப் போகும், அவனுக்கு அவள் பெற்றுத் தரப்போகும் மகனுக்காக. கட்டுகிற உரிமை செத்தவனின் சொந்தத்தில் கிட்டத்து ஆணுக்கு. பெண்ணுக்கு ஏற்கெனவே கல்யாணமாகி, சமைத்துப் போட்டுக்கொண்டு, குழந்தையும் குட்டியுமாக இருந்தால்? இருக்கட்டுமே, கூப்பிட்டுக்கொண்டு போகலாம். மகனைப் பெற்றிருந்தால் மட்டும் யாரும் கை வைக்க முடியாது. மகள் கணக்கில் வராது. இந்தச் சட்டத்தை எழுதியவன் பெரிய ஞானியாம், சிலைகூட வைத்திருக்கிறார்கள். லிசில்லாவுக்கு இருப்பது மகள். மிக்கா. இப்போது கோழிக்குப் பின்னால் ஓடிக்கொண்டிருக்கிறாள், இடுப்பில் துணி நிற்கவில்லை. வழக்கு தோற்றால் லிசில்லா போக வேண்டும், மிக்கா இருக்க வேண்டும், குழந்தை தகப்பனுக்கு. முதலில் பிறந்தது ஆண்தான். பேர் வைப்பதற்குள் போய்விட்டது. அது இருந்திருந்தால், இப்போது எத்தனை வயது, வேண்டாம், அந்தக் கணக்கைத் தொடங்கினால் இன்று முழுக்க அதிலேயே போய்விடும். விரலில் முள் குத்தியது. விரலை வாயில் வைத்துக்கொண்டாள்.

அப்பா வீட்டு ஆடு. பார்னெஸ் மலையடிவாரத்து முள். அந்தச் சரிவில் எந்தப் பக்கம் மேய்ந்தால் எந்த முள் ஒட்டும் என்று அவளுக்குத் தெரியும், சிறு வயதில் ஆட்டுக்குப் பின்னால் அவளும் போயிருக்கிறாள், கூடவே ஸ்ட்ராத்தோனும். சித்தப்பா மகன். நமக்கு அவன் அண்ணன் முறை, நினைத்தாலே காதைப் பொத்திக்கொள்வோம். அவர்களுக்கு அவன்தான் முதல் மாப்பிள்ளை. ஊர் ஊருக்கு வழக்கம் வேறு. ஆனால் லிசில்லாவுக்கும் அவன் வேண்டாதவன்தான், அது முறையினால் இல்லை. ஒரு மழைக்காலத்தில் குட்டி போட முடியாமல் கிடந்த ஆட்டின் பக்கத்தில் இரண்டு பேரும் உட்கார்ந்திருந்தார்கள், அது கத்தக் கத்த இவன் பூண்டை உரித்துத் தின்றுகொண்டே பார்த்துக்கொண்டிருந்தான், வேறொன்றும் செய்யவில்லை, கெட்டவன் என்று சொல்ல முடியாது, வெறுமே தின்றுகொண்டிருந்தான். அந்தப் பூண்டு வாசனை இன்னும் மூக்கில் இருக்கிறது. அப்பாவின் சாவுக்கு அவன் மூன்றாம் நாள் வந்தான். பிணத்தைக் கழுவி எண்ணெய் பூசியது அவள், பாடையின் முன்பக்கம் தோள் கொடுத்தது தெய்னியாஸ், ஒன்பதாம் நாள் படையல் வைத்ததும் தெய்னியாஸ். ஸ்ட்ராத்தோன் வந்து கல்லறை மண்ணைக் காலால் தட்டிப் பார்த்துவிட்டு, திரும்பி மலைச்சரிவைப் பார்த்தான், திராட்சைக் கொடியைப் பார்த்தான், அப்பா விறகைக் கரியாக்குகிற மூட்டத்தைப் பார்த்தான், அப்புறம் அவளைப் பார்த்தான். அதே வரிசையில். துக்கத்துக்காக ஒட்ட வெட்டிய தலையோடு அவள் நின்றுகொண்டிருந்தாள். வெட்டிய மயிர் இப்போது காதுவரை வளர்ந்துவிட்டது, அதற்குள் வழக்கு வந்துவிட்டது.

தெய்னியாஸுக்கு ஜெயிக்க வழி இருக்கிறது. அதை அவள் தனக்குத்தானே இத்தனை நாளாகச் சொல்லிச் சொல்லித்தான் தூங்குகிறாள். மகனில்லாதவன் உயிரோடு இருக்கும்போதே ஒருவனைப் பிள்ளையாக ஏற்றுக்கொள்ளலாம். மருமகனையே ஏற்றுக்கொள்கிறவர்களும் உண்டு, அப்போது பெண்ணும் போகாது, வீடும் போகாது. அப்பா அப்படிச் செய்வதாகத்தான் இருந்தார். அப்பாவின் பங்காளிகளில் இரண்டு கிழவர்கள் அதைக் கேட்டிருக்கிறார்கள், இன்று வந்து சொல்கிறோம் என்று வாக்குக் கொடுத்திருக்கிறார்கள். செய்ய நினைத்தவர் செய்வதற்குள் செத்துவிட்டார், அடக்கம் செய்தது நான், மகன் செய்ய வேண்டியதையெல்லாம் செய்தது நான், அவருடைய எண்ணத்தை நீங்கள் நிறைவேற்றுங்கள். இதுதான் தெய்னியாஸ் சொல்லப்போவது. வாரக்கணக்கில் இந்த முற்றத்தில் நடந்து நடந்து சொல்லிப் பார்த்தான். "அவருடைய எண்ணத்தை" என்கிற இடத்தில் தவறாமல் திக்குவான். அவள் மாடிப்படியில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருப்பாள். அவனுக்கு ஒன்று தெரியாது. அப்பா ஏன் செய்யாமல் விட்டார் என்று அவனுக்குத் தெரியாது. அவன் வந்து அவளிடமே கேட்டான், "ஏன் லிசில்லா, உங்கப்பா ரெண்டு பேர்கிட்ட சொல்லியிருக்கார், என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லலையே?" என்று. அவள் பருப்பில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள். "அவர் அப்படித்தான், எதையும் சொல்ல மாட்டார்" என்றாள். பொய் இல்லை. அவர் அப்படித்தான். ஆனால் சொன்னார்.

போன திராட்சைக் காலத்தில். தெய்னியாஸ் தன் அண்ணன் நிலத்தில் அறுவடைக்குப் போயிருந்தான், இவள் மிக்காவைத் தூக்கிக்கொண்டு அப்பா வீட்டில் நாலைந்து நாள் இருந்தாள். திராட்சை மிதித்த காலோடு அப்பா கவிழ்த்த கூடைமேல் உட்கார்ந்திருந்தார், முழங்கால்வரை சிவப்பு, அதற்குமேல் கரிமூட்டத்துக் கறுப்பு. ஈ மொய்த்தது, விரட்டவில்லை. அந்த்ரோன் என்று அப்பாவின் பேரைச் சொன்னாலே அந்தச் சரிவில் ஒருவரும் குறுக்கே பேச மாட்டார்கள். யாரிடமும் எதையும் கேட்காதவர். தண்ணீர்கூட, "தண்ணி" என்பார், கொண்டா என்ற சொல்லைக்கூடச் செலவு செய்ய மாட்டார். அவர் சொன்னார், "உன் வீட்டுக்காரனைக் கேளு." என்ன கேட்க என்றாள். "எனக்குப் பிள்ளையா வரச் சொல்லு. பங்காளிங்க கூடுற திருவிழா வருதுல்ல, அங்க கூட்டிட்டுப் போய் ஆடு வெட்டி, இவன் என் மகன்னு எல்லார் முன்னாலயும் சொல்லிடறேன்." அவளுக்குச் சிரிப்பு வந்தது, ஏன் வந்தது, அதுதான் இன்றுவரை புரியவில்லை. "நீங்களே கேளுங்களேன்ப்பா" என்றாள். அவர் கால்விரலிடுக்கில் ஒட்டியிருந்த திராட்சைத் தோலை எடுத்து எறிந்தார். "எனக்குக் கேக்க வராது" என்றார். அந்த ஒரு வரியை அவள் எத்தனை விதமாகச் சொல்லிப் பார்த்துவிட்டாள். அவர் கோபமாகச் சொல்லவில்லை. கூச்சமாகச் சொன்னார். அறுபது தாண்டிய மனிதர், கூச்சமாக.

கேட்டிருக்கலாம். திரும்பி வந்த அன்றே, அவன் செருப்பைக் கழற்றும்போதே, அப்பா இப்படிச் சொல்றார் என்று ஒரே மூச்சில் சொல்லியிருக்கலாம், இரண்டு கோழி கேட்டார் என்பதுபோல. சொல்லவில்லை. நாளைக்குச் சொல்லலாம் என்று நினைத்தாள். வீட்டோடு மாப்பிள்ளை என்று ஊர் சிரிக்குமே என்று நினைத்தாள். அவனுக்கும் மானம் உண்டே, தன் அப்பா பேரை விட்டுவிட்டு இன்னொருவர் பேரை ஒட்டிக்கொண்டு நிற்க எந்த ஆம்பிளை சம்மதிப்பான், கேட்டால் முகம் சுருங்குமே, அவனைக் காப்பாற்றத்தானே வாயை மூடிக்கொண்டாள். இப்படித்தான் முதலில் சொல்லிக்கொண்டாள். பல நாள் இது போதுமாக இருந்தது. பிறகு ஓர் இரவு விழித்துக்கொண்டபோது இது பொய் என்று தெரிந்தது, அவள் நினைத்தது அவனைப் பற்றி இல்லை, அந்த வீட்டைப் பற்றி. பிள்ளையாகிவிட்டால் அங்கே போய்க் குடியிருக்க வேண்டும். அந்தப் புகைக்கு. கரிமூட்டத்துப் புகையிலேயே இருமி இருமி அம்மா போன வீடு, அம்மா இருமினால் அப்பா எழுந்து வெளியே போய் நிற்பார், திட்டமாட்டார், வெளியே போய் நிற்பார், அவ்வளவுதான், அந்த வீட்டுக்கு இரண்டாம் தடவை யார் போவார்கள்? சரி, இது உண்மை. இதைக் கொஞ்ச நாள் வைத்துக்கொண்டாள். அப்புறம் இதுவும் தேய்ந்துவிட்டது. ஏனென்றால் கேட்காமல் விட்டது மட்டும் இல்லை. அப்பா கரி விற்க ஊருக்குள் வந்தார், கழுதையை வாசலில் கட்டினார், உள்ளே வரவில்லை, கதவருகிலேயே நின்றுகொண்டு "என்ன சொன்னான்?" என்றார். அவள் உடனே சொன்னாள். யோசிக்கவேயில்லை, யாரோ வாயில் எழுதி வைத்ததுபோல வந்தது. "முடியாதுன்னுட்டார்ப்பா."

"சரி" என்றார் அப்பா. கழுதையை அவிழ்த்தார். அவிழ்க்கும்போது முடிச்சு வரவில்லை, நகம் கறுத்த அந்த விரல்கள் முடிச்சைத் தேடித் தேடி வழுக்கின, அவள் பார்த்துக்கொண்டு நின்றாள். அப்போது அவள் உடம்பில் ஒரு சூடு பரவியது. வெட்கம் இல்லை, பயம் இல்லை. ருசி. இப்போது, இந்த வெயிலில், மடியில் ரோமத்தோடு உட்கார்ந்திருக்கும்போது அதற்கு வேறு பேர் தேடித் தேடிப் பார்க்கிறாள், கிடைக்கவில்லை. பிறந்ததிலிருந்து அவர் ஒன்றும் கேட்டதில்லை, சொல்லித்தான் இருக்கிறார். எழு என்றார், போ என்றார், இவனைக் கட்டு என்றார். முதல் தடவையாக ஒன்று கேட்டார், அதற்கு இல்லை என்று சொல்லக்கூடிய இடத்தில் அவள் இருந்தாள், சொன்னாள், நன்றாக இருந்தது. அன்று சாயங்காலம் பாட்டு முணுமுணுத்துக்கொண்டே மாவு பிசைந்தாள். இதுதான் உண்மை. இதற்கும் கீழே இன்னொன்று இருக்குமோ என்னவோ, தோண்டப் பயமாக இருக்கிறது. அவர் நன்றாகத்தானே இருந்தார், மரம்போல இருந்தார், அடுத்த வருஷம் பார்த்துக்கொள்ளலாம், அதற்குள் எனக்கே ஆண்பிள்ளை பிறந்துவிடும், அப்புறம் இவருக்குப் பேரனாயிற்று, பிரச்சினை தீர்ந்தது. அப்படியும் ஒரு கணக்கு வைத்திருந்தாள். குளிர் காலத்தில் ஒரு காலையில் கரிமூட்டத்தின் பக்கத்தில் உட்கார்ந்தபடியே அவர் போய்விட்டார்.

"அம்மா, ஒரு வாய் சாப்பிடுங்க" என்று சீரா வந்து நின்றாள். சிரியா தேசத்து அடிமை, அதனாலேயே சீரா, அவளுக்கு அவள் அம்மா வைத்த பேர் என்ன என்று இந்த வீட்டில் யாரும் கேட்டதில்லை. வாற்கோதுமை அடையும் நாலு ஒலிவக் காயும் தட்டில் இருந்தன. மிக்கா ஓடிவந்து ஒலிவக் காயை வாயில் போட்டுக்கொண்டு கொட்டையைக் கோழிமேல் துப்பினாள். "ஐயா ஜெயிச்சுட்டு வந்துடுவாங்கம்மா" என்றாள் சீரா. சொல்லிவிட்டுப் போகாமல் நின்றாள். என்ன என்று லிசில்லா நிமிர்ந்தாள். "இல்ல, ஒருவேளை அப்படி இப்படி ஆச்சுன்னா, சீதனத்தோட வந்தவதானே நான், நானும் அந்த வீட்டுக்கு வரணுமாம்மா?" "வரணும்." "அந்தப் புகை எனக்கு ஆகவே ஆகாதும்மா" என்றாள் சீரா, சிரித்துக்கொண்டே, ஏதோ சமையல் விஷயம்போல. லிசில்லா அடையைப் பிய்த்தாள், வாயில் வைத்தாள், மெல்லும்போது அது மாவாகவே இருந்தது. இவளும் சேர்த்திதான். தான் சொன்ன ஒரு வார்த்தை எத்தனை பேர் தலையில் விழுகிறது என்று பார்த்தால், சீரா, மிக்கா, அவன், வாசலில் முடிச்சோடு திணறிய அப்பா, எல்லார் தலையிலும். தான் மட்டும் ருசி பார்த்தாள்.

அவனிடம் சொல்லியிருக்கலாம். அப்பாவிடம் சொன்னது போகட்டும், வழக்கு வந்த பிறகாவது அவனிடம் சொல்லியிருக்கலாம். எத்தனை தடவை வாயைத் திறந்தாள். அவன் முற்றத்தில் பேசிப் பழகும்போது, படியிலிருந்து இறங்கி வந்து, நேற்று ராத்திரி விளக்கை அணைத்த பிறகு, இருட்டில் சொல்வது சுலபம் என்று, ஆனால் இருட்டில் அவன் மூச்சு சீராக வந்தது, அவனுக்கு நல்ல தூக்கம் வேண்டுமே நாளைக்கு. இன்று காலை கதவின் தாழ்ப்பாளில் அவன் கை வைத்திருக்கும்போது, இதுதான் கடைசி, இதோ சொல்லப்போகிறேன், என்று ஓர் அடி முன்னால் வந்தாள். "செருப்பு வார் அவிழ்ந்திருக்கு" என்றாள். அவன் குனிந்து கட்டிக்கொண்டான், நல்லவேளை பார்த்தே என்றான், போய்விட்டான். அழும் குழந்தையை மன்றத்துக்குக் கூட்டிப்போனால் கேட்பவர்கள் மனம் இளகும், எல்லாரும் அப்படித்தான் செய்கிறார்கள், மிக்காவையும் கூட்டிப் போங்கள் என்று அவள் சொன்னதற்கு மட்டும், "அவ எதுக்கு அங்க அழணும்?" என்று கேட்டான். அப்படிப்பட்டவன். அப்படிப்பட்டவனிடம் சொல்ல என்ன பயம்? அடிக்க மாட்டான். கத்தக்கூட மாட்டான். அவன் ஒன்றும் சொல்லாமல் பார்ப்பான், அந்தப் பார்வைக்குத்தான் பயம். சரி, சொல்லாவிட்டால் என்ன, யாருக்குத் தெரியும்? அவளுக்குத் தெரியும், அப்பாவுக்குத் தெரியும். அப்பா மண்ணுக்குள் இருக்கிறார். செத்தவர் எழுந்து வந்து சாட்சி சொல்லப் போவதில்லை. இந்த நினைப்பில் ஒரு நிம்மதி இருந்தது, அந்த நிம்மதியை நினைத்தால் அவளுக்கே தன்மேல் அருவருப்பாக இருந்தது, அப்பா செத்தது நல்லதாயிற்று என்றுதானே இதற்கு அர்த்தம்.

வெயில் முற்றத்தை முழுக்கப் பிடித்துவிட்டு எதிர்ச்சுவரில் ஏறத் தொடங்கியது. மீன்காரன் தெருவில் கத்திக்கொண்டு போனான், பக்கத்து வீட்டில் யாரோ உரலில் இடித்தார்கள், நின்றது, மறுபடி இடித்தார்கள். இந்நேரம் தண்ணீர் ஒழுகி முடிந்திருக்கும். தீர்ப்புக்காகப் பானையில் கல் போட்டுக்கொண்டிருப்பார்கள், இவனுக்கு ஒரு கல், அவனுக்கு ஒரு கல். யாரோ ஒருவன், காலையில் பெண்டாட்டியோடு சண்டை போட்டுவிட்டு வந்தவனோ, பல்வலிக்காரனோ, முகம் தெரியாத ஒருவன், கையில் கல்லை வைத்துக்கொண்டு நிற்கிறான். அவனுக்கு மிக்காவைத் தெரியுமா? ராத்திரி அம்மாவின் காதைப் பிடித்துக்கொண்டுதான் மிக்கா தூங்குவாள் என்று தெரியுமா? சொந்தக் காதைப் பிடிக்க மாட்டாள், சீராவின் காதும் ஆகாது. சின்னவள், நாலு நாள் அழுவாள், அப்புறம் மறந்துவிடுவாள். மறக்காமல் இருந்தால் பாவம். மறந்துவிட்டால், ஐயோ, மறந்துவிட்டால்? ஏதாவது திருவிழா ஊர்வலத்தில் பூக்கூடை தூக்கிக்கொண்டு பெரிய பெண்ணாகப் போகும்போது இவள் கூட்டத்தில் நின்று பார்க்க வேண்டும், அவள் இவளைத் தாண்டி வேறு யாரையோ பார்த்துச் சிரிப்பாள். மிக்கா இப்போது தோலின் ஓரத்தில், ரோமக் குவியலில் தலை வைத்துத் தூங்கிப்போயிருந்தாள். வாயோரம் ஒலிவ எண்ணெய் மினுங்கியது. லிசில்லா அவளைத் தொடவில்லை. தொட்டால் எழுந்துவிடுவாள் என்று தனக்குச் சொல்லிக்கொண்டாள்.

கூரை ஓட்டில் இன்னும் வெயில் இருந்தபோதே கதவு திறந்தது. ஓடிப்போய் முகத்தைப் பார்க்க வேண்டும் என்று காலையிலிருந்து நினைத்திருந்தாள், இப்போது முகத்தைத் தவிர எல்லாவற்றையும் பார்த்தாள். தெய்னியாஸ் படியில் உட்கார்ந்தான். சீரா கால் கழுவத் தண்ணீர் கொண்டுவந்தாள். சத்தத்தில் விழித்த மிக்கா அவன் முதுகில் ஏறிக் கழுத்தைக் கட்டிக்கொண்டாள். அவன் அவளைக் கொஞ்ச நேரம் அப்படியே சுமந்துகொண்டிருந்தான்.

"சீரா, பாப்பாவை மாடிக்குக் கூட்டிட்டுப் போ" என்றான்.

அதிலேயே தெரிந்துவிட்டது. அவர்கள் ஏறிப்போகும் சத்தம் அடங்கும்வரை இரண்டு பேரும் காத்திருந்தார்கள்.

"நாளைக்கு ஸ்ட்ராத்தோன் வண்டி கொண்டு வரானாம்."

"எப்படி?" என்றாள். 

"எல்லாம் நல்லாத்தான் போச்சு. நான் திக்கவேயில்லை, தெரியுமா? அந்த இடத்துலகூட. பெரியவங்க ரெண்டு பேரும் சொன்னபடி வந்து சொன்னாங்க. அந்த்ரோன் மருமகனைப் பிள்ளையாக்கறதா இருந்தார், எங்ககிட்டயே சொன்னார்னு. பின்னாடியிருந்து ஒருத்தன், 'அப்புறம் என்னய்யா, குடுத்துட்டுப் போங்க'ன்னுகூடக் கத்தினான்." அவன் காலைத் தேய்த்துக் கழுவினான், கழுவிய காலையே மறுபடி கழுவினான். "அப்புறம் ஸ்ட்ராத்தோன் எழுந்தான். செத்துப்போனவங்க சொன்னதைக் கேட்டவங்க வந்து சொல்லலாமாம், சட்டத்துல இடமிருக்காம். உயிரோட இருக்கறவங்க சொன்னதைத்தான் அப்படிச் சொல்லக் கூடாதாம். 'மருமகனைக் கேட்டேன்டா, முடியாதுன்னுட்டான்'னு பெரியப்பா தன்கிட்ட சொல்லி வருத்தப்பட்டார்னான். கரிமூட்டத்துப் பக்கத்துல உட்கார்ந்து சொன்னாராம்."

லிசில்லா தரையைப் பார்த்தாள்.

"அதோட விடலை. என் பக்கம் திரும்பி, 'நீ மறுத்தியா இல்லையா, இவங்க முன்னால சொல்லு'ன்னான். எதிராளி கேட்டா அங்க பதில் சொல்லியே ஆகணும்."

"என்ன சொன்னீங்க?"

"மறுத்தேன்னு சொன்னேன்."

பக்கத்து வீட்டு உரல் சத்தம் நின்றிருந்தது.

"கிழவன் கேட்டப்போ பிள்ளையா வர மாட்டேன்னவன், செத்தப்புறம் நிலத்துக்கு வந்து நிக்கிறான்னு ஒரே சிரிப்பு. அதுக்கு மேல நான் என்ன பேசினேன்னு எனக்கே ஞாபகம் இல்லை."

"உங்களை யாரும் கேக்கவேயில்லைன்னு சொல்லியிருக்கலாமே" என்றாள். "உங்களுக்குத் தெரியவே தெரியாதுன்னு. அதுதானே நிஜம்."

அவன் நிமிர்ந்து பார்த்தான். அவள் பயந்த பார்வை அது இல்லை. களைப்பாக இருந்தான், அவ்வளவுதான்.

"உங்கப்பா பொய் சொல்ற ஆள் இல்லை. நானும் மறுக்கலை. அப்ப நடுவுல யாருன்னு அடுத்த கேள்வி வரும். உன் பேரை அங்க இழுக்கச் சொல்றியா? ஒரு வீட்டுப் பொம்பளை பேரை அந்த இடத்துல எவனாவது எடுப்பானா? செத்துப்போனவ பேரை எடுக்கலாம், தெருவுல நிக்கறவ பேரை எடுக்கலாம். நான் எடுத்திருந்தா, உப்புமீன் விக்கறவன்ல இருந்து எல்லாரும் அதைச் சொல்லிட்டே வீட்டுக்குப் போயிருப்பாங்க. பெத்த அப்பன்கிட்ட புருஷன் பேரைச் சொல்லிப் பொய் சொன்னவள்னு. நாளைக்கு மிக்காவைக் கட்ட எவன் வருவான்?"

அவளுக்கு அழுகை வரவில்லை. வந்தால் தேவலை என்றிருந்தது.

"ஏன் லிசில்லா?" என்றான்.

காலையிலிருந்து, காலையிலிருந்து என்ன, மாதக்கணக்காகச் சேர்த்து வைத்திருந்த காரணங்களெல்லாம் எங்கே போயின? ஊர் சிரிக்கும் என்பது, புகை என்பது, அந்தச் சூடு, அந்த ருசி. ஒவ்வொன்றாக நாக்குவரை வந்தது, அவன் முகத்தைப் பார்த்ததும் திரும்பிப் போனது. அவள் தலையை மட்டும் அசைத்தாள். அவன் மறுபடி கேட்கவில்லை. தண்ணீர்ச் சட்டியை ஓரமாக நகர்த்தி வைத்தான்.

கேட்கக் கூடாது என்று தெரிந்தும் அவள் கேட்டாள். "நான் உங்ககிட்ட வந்து கேட்டிருந்தா, என்ன சொல்லியிருப்பீங்க?"

 "எங்கப்பா கடலோட போனப்போ எனக்கு நடக்கவே தெரியாதாம்" என்றான் தெய்னியாஸ். "அண்ணன் வீட்டுலயே வளர்ந்தேன். அண்ணன் நல்லவன்தான், ஆனா அண்ணன். ஒரு தடவை உங்கப்பாவோட மரம் வெட்டப் போனேன், கல்யாணமான புதுசுல. அவர் ஒண்ணும் பேசலை, காலையில இருந்து ஒரு வார்த்தை இல்லை. சாயங்காலம் பெரிய கட்டை ஒண்ணைப் புரட்டறப்போ, 'டேய், அந்தப் பக்கம் பிடிடா'ன்னார். அவ்வளவுதான். அந்த டேய்க்கு எனக்கு எவ்வளவு சந்தோஷம் தெரியுமா? உன்கிட்டகூட சொல்லலை, சிரிப்பேன்னு." அவன் ஈரக்காலைப் படியில் வைத்து, அது பதிந்ததைப் பார்த்தான். "ஓடிப்போய்ச் சரின்னிருப்பேன், லிசில்லா."

மாடியிலிருந்து மிக்கா "அம்மா" என்று கூப்பிட்டாள். சீரா ஏதோ சமாதானம் சொல்வது கேட்டது. மறுபடி, இன்னும் சத்தமாக, "அம்மா." லிசில்லா எழுந்தாள்.

"நீ இரு" என்றான் அவன், அவளுக்கு முன்னால் எழுந்து. "நான் போறேன். பழகிக்கட்டும்."